பதினையாயிரம் வருஷத்துச் சொந்தம்

டென்மார்க் வாழ் தமிழருக்குள் பூர்வீகப் புலனாய்வாளர் என்றொரு இனம் உண்டு. இதுவரை அதைப் பற்றி ஒருவரும் எழுதத் துணியாததால் அந்தப் பொறுப்பை நானே எடுத்துக்கொள்கிறேன்.

அடையாளம் சுலபம். பெரும்பாலும் ஆண், நாற்பதைத் தாண்டியவர், பிறந்தநாள் விழாக்களில் கேக் வெட்டி, படம் எடுத்து, ரோல்ஸ் பரிமாறி முடிந்து, பிள்ளைகள் கதிரைகளுக்குள் ஓடத் தொடங்கும் நேரம், கையில் பேப்பர்க் கோப்பையோடு மண்டபத்தின் மூலையில் நாலு பேரை மடக்கி வைத்துக்கொண்டு நிற்பார். அந்த நாலு பேரில் மூன்று பேர் வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். மற்றவருக்குக் காது கேட்காது. உலகத்தில் எங்கேயாவது எவனாவது ஒரு கல்லின்மேல் இன்னொரு கல்லை வைத்திருந்தால் அவன் தமிழன் என்பது நமது ஆளின் முடிவு. எகிப்தை அவர் நின்ற நிலையிலேயே முடித்துவிடுவார். சுமேரியாவுக்குத் தேநீர் ஆறுகிற நேரம் போதும். அமெரிக்காவுக்கு வந்ததும்தான் கதிரையை இழுத்துப்போட்டு உட்காருவார். மாயர், இன்கா, அஸ்டெக், அலாஸ்காவிலிருந்து தென்முனைவரை இருக்கிற ஆதிக்குடிகள் அத்தனை பேரும் ஆர் என்று நினைக்கிறீர்கள்?

ஓம். நீங்கள் நினைத்ததுதான்.

இந்த இனத்தை நேரில் பார்க்க விரும்புகிறவர்கள் அலையத் தேவையில்லை. ஹேர்னிங் ரயில் நிலையத்துக்குக் கிட்ட ஒரு தொடர்மாடியில் நல்ல கொழுத்த மாதிரி ஒன்று வசிக்கிறது. பெயர் சிறீஸ்கந்தராசா. இக்காஸ்டில் ஒரு பின்னலாடைத் தொழிற்சாலையில் வேலை. மனைவி சுசீலாதேவி. இதை எழுதிக்கொண்டிருப்பதும் அதே ஆள்தான்.

ஒரு சாதாரண மனிதன் எப்படி இந்த நிலைக்கு ஆளாகிறான்? என்னைக் கேட்டால், காத்திருந்துதான். நான் எண்பத்தாறில் இங்கே வந்தேன். அகதி என்று ஏற்றுக்கொண்டதும் சுசீலாவைக் கூப்பிட மனுப் போட்டேன். சட்டப்படி உனக்கு உரிமை இருக்கிறது என்றார்கள். உரிமை இருந்தது, மனு அசையவில்லை. எங்களுடைய மனுக்களைக் கையில் எடுக்க வேண்டாம் என்று மேலே ஒரு அமைச்சர் சொல்லிவைத்தது பிறகுதான் எல்லோருக்கும் தெரிய வந்தது. இல்லை என்று சொல்லியிருந்தால் நாங்கள் மேன்முறையீடு செய்திருக்கலாம். அப்படிச் சொல்லவில்லை. அலுமாரிக்குள் கிடக்கட்டும் என்று விட்டுவிட்டார்கள். சுசீலா யாழ்ப்பாணத்தில் பங்கருக்குள் இருந்தாள். நான் ஹேர்னிங்கில் நூலகத்துக்குள் இருந்தேன்.

நூலகத்துக்கு நான் போனது அறிவுக்காக அல்ல. அங்கே சூடாக இருந்தது. என்னுடைய அறையில் ஹீட்டர் இருமிக்கொண்டு மட்டும் இருந்தது. அந்த நாட்களில் ஒரு அதிகாரி என்னைக் கூப்பிட்டு, இவள் உன்னுடைய மனைவிதான் என்பதற்கு என்ன ஆதாரம் என்று கேட்டார். கல்யாணப் படத்தைக் காட்டினேன். அதை நெடுநேரம் பார்த்துவிட்டு, "இரண்டு பேரும் சிரிக்கவில்லையே?" என்றார். எங்கள் ஊரில் கல்யாணப் படத்தில் யார் சிரிப்பது? புகைக்குள் இரண்டு மணித்தியாலம் இருந்துவிட்டு எழும்புகிறவனிடம் சிரிப்பை எதிர்பார்க்கிறார்கள். அன்று நெஞ்சு எரிய எரிய நூலகத்துக்கு வந்து, கண்ணில் பட்ட பெரிய படப் புத்தகம் ஒன்றை இழுத்து விரித்தேன். காட்டுக்கு நடுவே ஒரு மாயர் கோயில். அடுக்கடுக்காகப் படி, உச்சியில் ஒரு சின்ன அறை. இது எங்கட கோபுரமல்லோ என்று வாய்விட்டுச் சொன்னேன். நூலகப் பெண் உதட்டில் விரலை வைத்தாள்.

என் மனைவியை என் மனைவி என்று நிரூபிக்க முடியாத நான், அன்று பின்னேரத்துக்குள்ளேயே மாயர்களை என்னுடைய பாட்டன் பூட்டன் வழி உறவென்று நிரூபித்து முடித்தேன். அதற்கு ஒருவரும் முத்திரை குத்திய கடுதாசி கேட்கவில்லை.

சுசீலா கடைசியில் வந்து சேர்ந்தாள். அவள் வந்ததும் எனக்குத் தெளிந்துவிடும் என்று சிநேகிதர்கள் நம்பினார்கள். பாவங்கள்.

தொண்ணூற்றிரண்டு பிறந்தது. கொலம்பஸ் அமெரிக்காவில் இறங்கி ஐந்நூறு வருஷம் என்று தொலைக்காட்சியும் பத்திரிகையும் ஒரே ஆரவாரம். எங்கள் தொழிற்சாலைக் கன்டீனிலும் அதே கதைதான். மேற்பார்வையாளர் பிரெபன், கொலம்பஸுக்கு ஐந்நூறு வருஷம் முந்தியே வைக்கிங்குகள் அங்கே போய்விட்டார்கள் என்று தன்னுடைய அப்பாவே கப்பல் ஓட்டியதுபோல மார்பைத் தட்டினார். நான் எழுந்தேன். என்னுடைய டேனிஷ் அந்த நேரம் ஒற்றைக்காலில் நின்றது, ஆனாலும் எழுந்தேன். கன்டீனில் நடந்த பேச்சையெல்லாம் உங்கள் வசதிக்காக எங்கட பேச்சிலேயே தருகிறேன்.

"வைக்கிங் போகேக்க அங்க ஆக்கள் இருந்தவையோ இல்லையோ?"

"இருந்தவை."

"அவையள் எங்கயிருந்து போனவை?"

"சைபீரியாவிலயிருந்து நடந்து போனவையாம். பனிக்காலத்தில கடல் இறங்கி அங்கால நிலம் கிடந்ததாம். பதினையாயிரம் வருஷத்துக்கு முந்தி எண்டு படிச்சனான். இல்லை, கரையோரமா வள்ளத்தில போனவை எண்டும் சில பேர் சொல்லீனம். சண்டை இன்னும் முடியேல்லை."

சண்டை முடியவில்லை என்ற சொல்லைக் கேட்டால் எங்கள் இனத்துக்குக் காதில் தேன் பாயும். படித்தவர்கள் தங்களுக்குள் அடிபடும் இடத்தில்தானே நாங்கள் பாயை விரிக்கலாம்? வள்ளம் என்று ஒத்துக்கொண்டால் வள்ளத்தில் தமிழன் என்று ஒத்துக்கொள்ள எவ்வளவு நேரம்? பிரெபனுக்கு அன்று நான் கொடுத்த அடியில் அவர் கோப்பியைப் பாதியில் வைத்துவிட்டுப் போனார். இடைவேளை முடிந்துவிட்டது என்பதும் ஒரு காரணமாக இருக்கலாம்.

என்னுடைய பெரிய ஆதாரம் மிளகாய். மெக்சிக்கோவில் ஆதிக்குடிகள் மிளகாய் இல்லாமல் சாப்பிட மாட்டார்கள் என்று படித்த அன்று எனக்கு நித்திரையே இல்லை. மிளகாய் தின்கிறவன் வேறு யாராக இருக்க முடியும்? வீட்டுக்கு வந்து சுசீலாவிடம் சொன்னேன். அவள் கறிக்குத் தூள் போட்டுக்கொண்டிருந்தாள். அடுத்த பக்கத்தைப் படித்துக் காட்டச் சொன்னாள். அடுத்த பக்கத்தில், மிளகாய் முளைத்ததே அமெரிக்காவில்தான், போர்த்துக்கேயர் கொண்டுவரும்வரை எங்கள் பக்கத்தில் ஒருவரும் அதைக் கண்ணாலும் கண்டதில்லை என்று கிடந்தது.

"அப்ப அவையள் எங்களிட்டயிருந்து போகேல்லை. நாங்கள்தான் அவையிட்டயிருந்து வந்திருக்கிறம். தட்டை எடுங்கோ."

புலனாய்வாளர் மறுபக்கத்தைப் படிக்கக் கூடாது. படித்தால் மனைவிக்கு முன்னால் படிக்கக் கூடாது.

இந்தக் காலத்தில்தான் ஆர்னாக் என் கையில் அகப்பட்டாள். தையல் பகுதியில் வேலை செய்கிறவள்; கிறீன்லாந்தின் மேற்குக் கரையில் பிறந்து, ஒரு டேனிஷ்காரனைக் கட்டி, ஹேர்னிங்கில் குடியேறியவள். இனுயிட் இனம். அமெரிக்கக் கண்டத்து ஆதிக்குடியில் உயிரோடு, அதுவும் எனக்கு இரண்டு மேசை தள்ளி, ஒருத்தி முட்டைப் பாண் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறாள் என்ற விஷயம் எனக்கு எப்படி இவ்வளவு காலமாகத் தெரியாமல் போனது? பிரெபன் குறுக்கே விழுந்தார். இனுயிட் வேறு, மற்றவர்கள் வேறு, இவர்கள் கனகாலம் பிந்தி வந்தவர்கள் என்றார். பிந்தி வந்தால் என்ன? எங்கட ஆக்கள் எதற்குத்தான் நேரத்துக்கு வந்திருக்கிறார்கள்?

நான் ஆர்னாக்கிடம் அவளுடைய பூர்வீகத்தை விளக்கினேன். அவள் கடைசிவரை கேட்டாள். அப்படிக் கேட்ட முதல் ஆள் அவள்தான்.

"அப்ப நான் உனக்குச் சொந்தம்?"

"ஓம்."

"எவ்வளவு கிட்டத்துச் சொந்தம்?"

"பதினையாயிரம் வருஷம்."

"பரவாயில்லை, கிட்டத்தான்" என்று சொல்லி முட்டையின் மிச்சத்தை வாயில் போட்டாள். "உன்னட்டக் கார் இருக்குதல்லோ? நானும் ஹேர்னிங்தான். ஒவ்வொரு நாளும் மழைக்குள்ள நிண்டு ரயில் பிடிக்கிறன்."

அடுத்த நாளிலிருந்து ஆர்னாக் என்னுடைய காரில். ஒரு கோட்பாட்டை ஒருவர் உண்மையென்றே எடுத்துக்கொண்டால் என்ன நடக்கும் என்று எந்தப் புத்தகமும் எனக்குச் சொல்லவில்லை. சொந்தமென்றால் வீட்டுக்கு வருவார்கள்தானே? வந்தாள். ஒரு வெள்ளிக்கிழமை, விளக்கேற்றுகிற நேரம், ஊரிலிருந்து வந்த திமிங்கிலத் தோல் என்று ஒரு பொதியைச் சுசீலாவின் கையில் கொடுத்தாள். சுசீலா வெள்ளிக்கிழமைகளில் முட்டைகூடத் தொடமாட்டாள். என்னை ஒருதரம் பார்த்தாள், பொதியை ஐஸ்பெட்டியின் அடியில் வைத்தாள், ஆர்னாக்குக்குத் தேங்காய்ச் சம்பலும் இடியப்பமும் போட்டாள். அன்று தொடங்கிய சிநேகிதத்தில் இரண்டு பேரும் என்னைப் பற்றித்தான் சிரிக்கிறார்கள் என்பது எனக்குத் தெரியும்.

இனி இந்த இனத்தின் மற்றப் பக்கத்துக்கு வருகிறேன். அமெரிக்கக் கரையில் நிற்கிறவனை விசாரணையில்லாமல் கட்டிப்பிடிக்கிற இதே ஆள், பக்கத்துக் கதிரையில் ஒரு புதுத் தமிழன் வந்து உட்கார்ந்தால் என்ன செய்வார்?

"தம்பி ஊரில எவடம்?"

வெறும் சுகவிசாரிப்பு என்று நினைத்துவிடாதீர்கள். வடமராட்சி என்றால் போதாது. வடமராட்சியில் எவடம்? கோயிலடி. எந்தக் கோயிலடி? கிழக்கு வீதியோ மேற்கு வீதியோ? அப்பு என்ன செய்தவர்? ஆருடைய வளவுக்குப் பக்கத்து வளவு? சாதி என்ற சொல்லை ஒருதரமும் வாயில் எடுக்காமல், ஆளின் சாதியைக் கடைசி வேர்வரை தோண்டி எடுத்த பிறகுதான் அவருடைய முகத்தில் நிம்மதி வரும். சாதி பார்க்கிறீர்களா என்று கேட்டால் பதறிப்போவார். "சீச்சீ, நாங்கள் அதெல்லாம் பாக்கிறேல்லை. சும்மா அறிஞ்சு வைப்பம் எண்டு."

எனக்கு ஒரு தம்பி இருக்கிறான், தவராஜா. ஹோர்சன்ஸில் ஒரு களஞ்சியத்தில் வேலை. அங்கே முதியோர் இல்லமொன்றில் வேலை செய்யும் மேரிசெலின் என்ற பெண்ணை அவனுக்குப் பிடித்துவிட்டது. மன்னார்ப் பிள்ளை, வேதக்காரர், அதாவது கிறிஸ்தவக் குடும்பம். மாசி மாதம் அவளுடைய தமையன் அந்தோனிதாசன், பேக்கரிப் பெட்டியும் சப்பாத்தில் பனியுமாக, முறைப்படி கேட்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். நான் அவரை உட்கார வைத்து இன்காக்களின் நீர்ப்பாசனத்தைப் பற்றி ஒரு மணித்தியாலம் சொன்னேன். மனிதர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அண்ணை, தங்கச்சியின்ர விசயமா..." என்று தொடங்கினார்.

"ஊரில எவடம்?"

"மன்னார், அண்ணை."

"மன்னாரில எவடம்?"

சொன்னார். எனக்கு அந்த இடம் தெரியாது. மச்சுபிச்சுவில் எந்தப் படிக்கட்டு எந்தப் பக்கம் திரும்பும் என்று தெரிந்த எனக்கு மன்னாரைத் தெரியாது. எனவே எங்கள் ஆட்கள் கல்யாணப் பேச்சில் காலங்காலமாகச் சொல்லிவருகிற வசனத்தைச் சொன்னேன். "விசாரிச்சுச் சொல்லுறன்."

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். விசாரிப்பது என்றால் லண்டனுக்கும் ரொறன்ரோவுக்கும் ரெலிபோன் எடுத்து, அந்தக் குடும்பத்தை அறிந்தவர்களை அறிந்தவர்களைப் பிடித்து, பாட்டனின் தொழில்வரை துருவுவது. துருவினேன். நல்ல பிள்ளை என்றார்கள். மரியாதையான குடும்பம் என்றார்கள். குற்றம் ஒன்றும் கிடைக்கவில்லை, அதுவே எனக்குச் சந்தேகமாக இருந்தது. பாரிஸுக்கும் எடுத்தேன். பங்குனி போய், சித்திரை போய், இலை உதிரத் தொடங்கியது. அந்தோனிதாசன் இரண்டுதரம் ரெலிபோன் எடுத்தார். மூன்றாம் தரம் எடுக்கவில்லை.

ஐப்பசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை தவராஜா சாப்பிட வந்திருந்தான். ஆர்னாக்கும் இருந்தாள். தொலைக்காட்சியில் எங்கள் வழக்குப் பற்றிய செய்தி. அந்த வருஷங்களில் தமிழர் வழக்கு என்றால் பெட்டிக்கடைக்காரனுக்கும் தெரியும். மனுக்களை அலுமாரிக்குள் கிடக்க விட்ட கதையைத்தான் மறுபடியும் சொல்லிக்கொண்டிருந்தார்கள். எனக்கு இரத்தம் கொதித்தது. சோற்றுக்கையோடு எழும்பிவிட்டேன்.

"பாத்தியே, பாத்தியே! இல்லை எண்டு முகத்துக்குச் சொல்லத் துணிவில்லை. கிடக்கட்டும் எண்டு விட்டவங்கள். மனிசரின்ர சீவியமெல்லோ அது!"

தவராஜா தட்டைப் பார்த்தபடி சொன்னான்.

"அண்ணை, அந்தோனிதாசன் அண்ணை மாசியில வந்து கேட்டவர். நீங்களும் இன்னும் இல்லை எண்டு சொல்லேல்லை."

"அது வேற, இது வேற."

"என்ன வேற?"

"விசாரிக்க வேண்டாமோ? குடும்பம் எண்டு ஒண்டிருக்கு. நாளைக்கு நாலு பேர்..."

சுசீலா தொலைக்காட்சியை நிற்பாட்டினாள். அவள் அதிகம் கதைக்கிறவள் அல்ல.

"அந்த அலுமாரிக்குள்ள கிடந்தது நான்" என்றாள். "உங்களுக்கு அது செய்தி. எனக்கு, விடிஞ்சால் கடிதம் வருமோ எண்டு ஒவ்வொரு நாளும் கேற்றடியில நிண்டது. அந்தப் பிள்ளையையும் கொண்டுபோய் அங்க வைக்காதேங்கோ."

எனக்கு அந்த நேரம் வாயடைத்துப் போயிருந்தால் இது வேறு கதையாக இருந்திருக்கும். எங்கள் இனத்துக்கு வாயடைப்பது கிடையாது. நான் சொன்ன சொல், "பாப்பம்." தவராஜா கையைக் கழுவிக்கொண்டு போய்விட்டான். ஒரு சொல்லும் விளங்காத ஆர்னாக், சுசீலாவின் தோளில் கையை வைத்துக்கொண்டிருந்தாள்.

கார்த்திகையில் ஒரு சனிக்கிழமை, இக்காஸ்ட் தமிழர் மண்டபத்தில் 'அமெரிக்க ஆதிக்குடிகளும் நாமும்' என்று நான் உரையாற்றினேன். கூட்டம் குறைவு. சுசீலா, ஆர்னாக்கோடு ஹோர்சன்ஸுக்குச் சாமான் வாங்கப் போவதாகச் சொல்லியிருந்தாள். திங்கட்கிழமை இடைவேளையில் ஆர்னாக் என் மேசைக்கு வந்து, கைதுடைக்கும் தாளில் சுற்றிய கேக் துண்டொன்றை வைத்தாள்.

"தம்பியின்ர கலியாணம் நல்ல வடிவா நடந்தது" என்றாள்.

நகரசபைக் கட்டடத்தில் பதிவுக் கல்யாணம். பெண் பக்கத்துச் சாட்சிக்கு அந்தோனிதாசன். மாப்பிள்ளை பக்கத்துக்கு ஒருவர் வேண்டுமாம்.

"சுசீலா கையெழுத்து வைக்க ஏலாமல் அழுதவள். அப்ப நான் வைச்சன். நீ ஆரெண்டு கேட்டவை. மாப்பிள்ளையின்ர சொந்தம் எண்டு சொன்னன்." என் முகத்தைப் பார்த்துவிட்டு, "நீதானே சொன்னனீ?" என்றாள்.

அவள் கேலி செய்யவில்லை. அவள் கேலி செய்திருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். பிரெபன் ஓடிவந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினார். தையல் பகுதி முழுக்க வரிசையில் வந்து வாழ்த்துச் சொன்னது. என் ஒரே தம்பியின் கல்யாணத்துக்கு, நான் இல்லாத கல்யாணத்துக்கு, கன்டீனில் நின்று எல்லோருக்கும் நன்றி சொன்னேன். வெட்கமாக இருந்தது. அழுகையும் வந்தது. கேக்கையும் தின்றேன். நல்ல கேக்.

தை மாதம் தமிழர் வழக்கின் விசாரணை அறிக்கை வந்தது. பிரதமரே பதவியை விட்டார். ஒரு அலுமாரி ஒரு அரசாங்கத்தையே விழுத்தியது. ஹேர்னிங்கிலும் இக்காஸ்டிலும் தமிழ் வீடுகளில் ரெலிபோன் ஓயவில்லை. எங்கள் வீட்டிலும் அடித்தது. நான் எதிர்பார்த்த ஆள் எடுக்கவில்லை. பின்னேரம் நானே ஹோர்சன்ஸுக்கு எடுத்தேன். மேரிசெலின்தான் கதைத்தாள்.

"ஆர் கதைக்கிறது?"

எஸ்கிமோவிலிருந்து இன்காவரை ஆர் ஆருக்கு என்ன முறை என்று தயங்காமல் சொல்கிறவன், நான் இந்தப் பிள்ளைக்கு ஆர் என்று சொல்ல வாய் வராமல் நின்றேன்.

"நான்... தவராஜாவின்ர தமையன், பிள்ளை."

அவள் தொலைக்காட்சியின் சத்தத்தைக் குறைப்பது கேட்டது.

"அவர் வேலைக்குப் போட்டார். நீங்கள் எடுத்தனீங்கள் எண்டு கட்டாயம் சொல்லுறன்" என்றாள். குரலில் மரியாதைக்குக் குறைவில்லை.

அவள் சொல்லியிருப்பாள். இன்னும் அவன் எடுக்கவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. சுசீலா ஒவ்வொரு ஞாயிறும் போய்வருகிறாள். சாமான் வாங்க என்று இப்போது சொல்வதில்லை. நான் ரெலிபோனுக்குப் பக்கத்தில் இருக்கிறேன். இருந்து இருந்து அலுத்துப்போய், போன கிழமை மறுபடியும் நூலகத்துக்குப் போனேன். பொலினீசியாப் பக்கம் நல்ல புத்தகங்கள் வந்திருக்கின்றன.

ஆகவே வாசகர்களே, இந்த இனத்தைக் கண்டால் ஒதுங்கிப் போங்கள். உங்களுக்கு இந்த வியாதி இல்லை என்று நீங்கள் சொல்வது எனக்குக் கேட்கிறது. சந்தோஷம். ஒரேயொரு விஷயம். இவ்வளவு எழுதியும் நான் என்னுடைய ஊர் எது என்று எந்த இடத்திலும் சொல்லவில்லை. வடமராட்சி என்றது உதாரணத்துக்கு. அதை நீங்கள் கவனித்தீர்களா? இவன் எவடம், ஆருடைய மகன், எந்தக் கோயிலடி என்று வாசிக்கும்போது ஒருதரமாவது மனது துருவியதா?

அப்படியானால் வாருங்கோ, உட்காருங்கோ. நீங்கள் எங்கட ஆள்தான்.